பார்பரோசாவைப் பாதியாகச் சொல்லாதீர்கள்: போர் வரலாறு எழுதுவோருக்கு ஒரு திறந்த மடல்

இரண்டாம் உலகப் போரின் வரலாற்றைத் தமிழில் எழுதியும் மொழிபெயர்த்தும் பதிப்பித்தும் காணொளிகளாகச் சொல்லியும் வருகின்ற பெருமதிப்பிற்குரிய நண்பர்களுக்கு,

வணக்கம்.

1941 ஜூன் 22 அன்று ஜெர்மனி 'பார்பரோசா' என்ற குறிப்பெயரில் சோவியத் ஒன்றியத்தின் மீது தொடுத்த படையெடுப்பைப் பற்றி நீங்கள் எழுதுவதையும் பேசுவதையும் விருப்பத்தோடு தொடர்ந்து வருபவன் என்ற உரிமையில் இந்த மடலை எழுதுகிறேன். 30 லட்சத்துக்கும் மேற்பட்ட ஜெர்மன் வீரர்கள் மூன்று படைத்தொகுதிகளாகப் பிரிந்து லெனின்கிராட், மாஸ்கோ, கீவ் ஆகிய மூன்று திசைகளில் முன்னேறியதையும், இலையுதிர்காலச் சேற்றில் டாங்கிகள் புதைந்ததையும், மாஸ்கோவின் வாசலில் பனி அவர்களை நிறுத்தியதையும் உங்களில் பலர் நேர்த்தியாகச் சொல்லியிருக்கிறீர்கள். யூத இனப்படுகொலையைப் பற்றியும் எழுதியிருக்கிறீர்கள். அதற்கென்று தனி நூல், தனிக் காணொளி, ஆஷ்விட்ஸ் என்ற தனித் தலைப்பு. என் முறையீடு இந்தப் பிரிவினையைப் பற்றியது. ஒரு கதையில் தளபதிகள் நிலத்தைப் பிடிக்கிறார்கள். இன்னொரு கதையில் எஸ்.எஸ். என்ற நாஜிப் படையமைப்பின் தலைவர் ஹிம்லரின் ஆட்கள் மக்களைக் கொல்கிறார்கள். இரண்டு கதைகளும் ஒரே ஆண்டில், ஒரே சாலைகளில், பல நேரங்களில் ஒரே அதிகாரிகளின் கையொப்பத்தோடு நடந்தவை என்பது வாசகருக்குத் தெரியாமலே போய்விடுகிறது.

படையெடுப்புக்கான கட்டளையில் ஹிட்லர் 1940 டிசம்பர் 18 அன்று கையெழுத்திட்டார். அன்றிலிருந்து முதல் பீரங்கி முழங்கும் வரை இருந்த ஆறு மாதங்களில் பெர்லினில் என்னென்ன தாள்கள் எழுதப்பட்டன என்பதைப் பார்த்தாலே போதும். 1941 மார்ச் 30 அன்று ஹிட்லர் தம் உயர் தளபதிகளை அழைத்து நீண்ட உரையாற்றினார். தரைப்படையின் பொதுப்பணியகத் தலைவர் ஃபிரான்ஸ் ஹால்டர் அதைத் தம் நாட்குறிப்பில் குறித்துவைத்தார்: இது அழித்தொழிப்புப் போர், எதிரி வீரனைச் சக வீரனாகக் கருதும் பழைய மரபை மறந்துவிட வேண்டும் என்பது அதன் சாரம். ஏப்ரல் 28 அன்று தரைப்படைத் தலைவர் பிரவுஷிட்ச் பிறப்பித்த ஆணை, ஹிம்லரின் கீழ்ப் பாதுகாப்புப் போலீசை நடத்திய ஹைட்ரிக்கின் சிறப்புப் பிரிவுகள் ராணுவத்தின் பகுதிக்குள் எவ்வாறு இயங்கலாம் என்பதை வரையறுத்தது. நடமாட்டம், தங்குமிடம், உணவு ஆகியவற்றில் அப்பிரிவுகள் ராணுவத்துக்குக் கட்டுப்பட்டவை. அவற்றின் 'பணி' எது என்பதில் ஹைட்ரிக்குக்குக் கட்டுப்பட்டவை. மே 13 அன்று வந்த ஆணை, சோவியத் குடிமக்களுக்கு எதிராகப் படைவீரர்கள் செய்யும் குற்றங்களை விசாரிக்க வேண்டிய கட்டாயத்தை நீக்கியது. ஜூன் 6 அன்று வந்த ஆணை, பிடிபடும் அரசியல் ஆணையர்களை, அதாவது சோவியத் படையில் இருந்த கட்சிப் பிரதிநிதிகளை, உடனே சுட்டுக்கொல்லச் சொன்னது. இவற்றில் எதுவும் போர்க்களத்தின் ஆத்திரத்தில் எழுதப்பட்டதன்று. ஒரு ஜெர்மன் வீரனும் இன்னும் எல்லையைத் தாண்டியிருக்கவில்லை.

உங்களில் பெரும்பாலோர் தொடாமலே கடந்துபோகும் இன்னொரு தாள் இருக்கிறது. என் கணிப்பில் மற்ற எல்லாவற்றையும்விட அதுவே முக்கியமானது. 1941 மே 2 அன்று பல அமைச்சகங்களின் செயலர்கள் கூடிப் பேசிய கூட்டத்தின் குறிப்பு அது. போரின் மூன்றாம் ஆண்டில் ஜெர்மன் படை முழுவதும் ரஷ்யாவிலிருந்தே உண்டால்தான் போரைத் தொடர முடியும் என்று அது தொடங்குகிறது; நமக்குத் தேவையானதை அந்நாட்டிலிருந்து எடுத்துக்கொண்டால் அங்கே கோடிக்கணக்கான மக்கள் பட்டினியால் சாவார்கள் என்பதில் ஐயமில்லை என்று தொடர்கிறது. யாரும் மறுத்துப் பேசியதாகக் குறிப்பில் இல்லை. மூன்று வாரங்கள் கழித்து, மே 23 அன்று வெளிவந்த பொருளாதார வழிகாட்டி நெறிகள் இதையே விரித்துரைத்தன. உக்ரைனின் கரிசல் நிலம் உபரி விளைவிக்கும் பகுதி. மாஸ்கோவும் லெனின்கிராடும் அடங்கிய வடக்குக் காட்டுப் பகுதி பற்றாக்குறைப் பகுதி. உபரியை வடக்கே போகவிடாமல் மறித்துவிட வேண்டும். அங்குள்ள பல கோடிப் பேர் 'மிகையானவர்கள்' ஆகிவிடுவார்கள், அவர்கள் சாக வேண்டும் அல்லது சைபீரியாவுக்குப் போக வேண்டும். உணவு அமைச்சகத்தின் செயலர் ஹெர்பர்ட் பாக்க என்பவரே இத்திட்டத்தின் மூளை.

போர் நுட்பத்தில் ஆர்வமுள்ள உங்களுக்கு இத்தாளின் ராணுவப் பொருள் என்னைவிட நன்றாக விளங்கும். சில வாரங்களில் ஆயிரம் கிலோமீட்டர் முன்னேற வேண்டிய படைக்கு, 6 லட்சத்துக்கும் மேற்பட்ட குதிரைகளை நம்பியிருந்த படைக்கு, ரயில் பாதையின் அகலமே மாறுபடுகிற ஒரு நாட்டில், ஜெர்மனியிலிருந்து மாவும் தீவனமும் ஏற்றிவருவது பெருஞ்சுமை. உணவைப் போகும் இடத்திலேயே பறித்துக்கொண்டால் ரயில் பெட்டிகளில் எரிபொருளையும் வெடிமருந்தையும் ஏற்றலாம். முதல் உலகப் போரின் கடைசி ஆண்டுகளில் ஜெர்மனியின் உள்நாட்டில் பரவிய பசியே 1918ஆம் ஆண்டின் தோல்விக்கும் புரட்சிக்கும் வழிவிட்டது என்று நம்பியவர்கள், இம்முறை அந்தப் பசியை வேறொரு மக்கள்மீது ஏற்றிவிட முடிவுசெய்தார்கள். ஆகவே மின்னல் வேகத்தைப் பற்றி ஓர் அத்தியாயம் எழுதிவிட்டுப் பட்டினிச் சாவைப் பின்னிணைப்பில் சேர்ப்பது ராணுவ வரலாறாகவே குறைபட்டது. அந்த வேகம் எதன்மீது கணக்கிடப்பட்டது என்பதை அது சொல்வதில்லை.

இந்தக் கணக்குக்குப் பின்னால் இருந்த கனவை ஹிட்லரே தம் உணவு மேசையில் வெளிப்படையாகப் பேசியிருக்கிறார். இங்கிலாந்துக்கு இந்தியா எதுவோ அதுவே நமக்கு ரஷ்ய நிலப்பரப்பு என்று 1941ஆம் ஆண்டின் இலையுதிர்காலத்தில் அவர் சொன்னது, அந்த ஒப்புமையின் மறுபக்கத்தில் அப்போது வாழ்ந்துகொண்டிருந்த நம் பாட்டன் பாட்டிமாரை நினைக்கையில், நமக்கு வேறு விதமாக ஒலிக்க வேண்டும். ஆனால் அவருடைய திட்டம் ஆள்வதோடு நிற்கவில்லை. கொன்ராட் மேயர் என்ற வேளாண்மைப் பேராசிரியர் ஹிம்லருக்காகத் தீட்டிய கிழக்குப் பொதுத்திட்டம், ஜெர்மன் குடியேற்றத்துக்கு இடம் விடும்பொருட்டுக் கோடிக்கணக்கான ஸ்லாவிய மக்களை அப்புறப்படுத்துவதை வரைபடங்களோடும் செலவுக் கணக்குகளோடும் விவரித்தது.

ஸ்டாலின்கிராடில் பனியில் உறைந்து சரணடைந்த ஜெர்மன் ஆறாம் படையைப் பற்றி நீங்கள் எழுதும்போது உங்கள் நடையில் இரக்கம் சுரக்கிறது. அதில் தவறில்லை, பசியாலும் குளிராலும் செத்த வீரர்கள் மனிதர்கள்தாம். ஆனால் அதே ஆறாம் படை, ஒன்றரை ஆண்டுக்கு முன், ஃபீல்டு மார்ஷல் ரைஷனவின் தலைமையில் உக்ரைன் வழியாக வந்தபோது என்ன செய்தது என்பதை ஸ்டாலின்கிராட் பற்றிய தமிழ் எழுத்தில் தேடிப் பார்க்கிறேன், கிடைப்பதில்லை.

1941 ஆகஸ்டில் கீவுக்குத் தெற்கே உள்ள பிலா செர்க்வா என்ற ஊரில் யூதப் பெரியவர்கள் சுட்டுக்கொல்லப்பட்டபின், கைக்குழந்தைகள் உட்பட ஏறத்தாழ 90 குழந்தைகள் ஒரு கட்டடத்தில் உணவும் நீருமின்றி அடைத்துவைக்கப்பட்டிருந்தார்கள். அருகே தங்கியிருந்த ஜெர்மன் வீரர்கள் இரவெல்லாம் அழுகுரலைக் கேட்டுத் தங்கள் படையின் பாதிரியார்களிடம் முறையிட்டார்கள். 295ஆம் காலாட்படைப் பிரிவைச் சேர்ந்த அப்பாதிரியார்கள் லெப்டினன்ட் கர்னல் ஹெல்முத் க்ரோஸ்கர்ட்டிடம் சொன்னார்கள். அவர் நேரில் சென்று பார்த்தார், கொலையைத் தற்காலிகமாக நிறுத்திவைத்தார், மேலிடத்துக்கு முறையிட்டார். அந்த முறையீடு படிப்படியாகச் சென்று ரைஷனவின் மேசைக்கு வந்தது. தொடங்கிய காரியத்தை முடித்துவிட வேண்டும் என்பதே அவருடைய தீர்ப்பு. ஆகஸ்டு 22 அன்று குழந்தைகள் சுட்டுக்கொல்லப்பட்டார்கள். எதிரி செய்யும் கொடுமைகள் என்று நம் வீரர்களுக்கு இடைவிடாமல் சொல்லப்படுகின்றவற்றிலிருந்து இச்செயல் எவ்விதத்திலும் வேறுபடவில்லை என்று க்ரோஸ்கர்ட் தம் அறிக்கையில் எழுதினார். அதற்காக ரைஷனவின் கண்டனத்தைப் பெற்றார். பின்னர் ஸ்டாலின்கிராடில் பிடிபட்டு 1943இல் சிறை முகாமில் நோயால் இறந்தவர்களுள் அவரும் ஒருவர்.

இந்நிகழ்ச்சியை விரிவாக எழுதுவதற்குக் காரணம் உண்டு. ராணுவத்துக்கு எதுவும் தெரியாது, எல்லாம் ஹிம்லரின் ஆட்கள் பின்னால் வந்து செய்தவை என்ற வாதத்துக்கு இதில் இடமே இல்லை. தெரிந்திருந்தது, தடுக்க முயன்ற ஒருவர் இருந்தார், தடுக்கும் அதிகாரம் படைத்தளபதியிடம் இருந்தது, அவர் அந்த அதிகாரத்தைக் கொலையை முடிக்கப் பயன்படுத்தினார்.

ஐந்து வாரங்கள் கழித்து அதே படையின் பகுதியில், கீவ் நகரின் 'பாபின் யார்' என்ற பள்ளத்தாக்கில் படுகொலை நடந்தது. செப்டம்பர் 19 அன்று கீவ் வீழ்ந்தது. சோவியத் ரகசியப் போலீசார் புதைத்துவிட்டுப் போன கண்ணிவெடிகள் 24ஆம் தேதி முதல் நகரின் நடுவே வெடிக்கத் தொடங்கி ஜெர்மன் அதிகாரிகள் பலர் மாண்டார்கள். நகரின் ராணுவ ஆளுநர் எபர்ஹார்டும் ஹிம்லரின் அதிகாரிகளும் கூடிப் பழிவாங்க முடிவெடுத்தார்கள். பழி யூதர்கள்மீது விழுந்தது. யூதர் அனைவரும் 29ஆம் தேதி காலை எட்டு மணிக்குக் கூட வேண்டும் என்று அறிவித்த சுவரொட்டிகளை அச்சிட்டுத் தந்தது ஆறாம் படையின் பிரசாரப் பிரிவு. பவுல் ப்ளோபெலின் தலைமையிலான ஹைட்ரிக்கின் சிறப்புப் பிரிவும் போலீஸ் படைகளும் இரண்டு நாள்களில் அந்தப் பள்ளத்தாக்கில் 33,771 பேரைச் சுட்டுக்கொன்றதாக அவர்களே பெர்லினுக்கு அறிக்கை அனுப்பினார்கள். அடுத்த மாதம், அக்டோபர் 10 அன்று, யூதர்களுக்கு வழங்கப்படும் 'கடுமையான, ஆனால் நியாயமான' தண்டனையைப் படைவீரன் முழுமையாகப் புரிந்துகொள்ள வேண்டும் என்று ரைஷனவ் ஆணை பிறப்பித்தார். ஹிட்லர் அதைப் பாராட்டினார். மற்றப் படைகளுக்கும் அது அனுப்பப்பட்டது.

அந்த முன்மாதிரியைப் பின்பற்றி நவம்பர் 20 அன்று தம் வீரர்களுக்கு அதேபோன்ற ஆணை எழுதியவர் எரிக் ஃபான் மான்ஸ்டைன். நம் காணொளிகளில் 'போர்க்கலையின் மேதை' என்று அறிமுகமாகும் அதே மான்ஸ்டைன்தான். அவருடைய பதினோராம் படை கிரிமியாவில் இருந்தபோது, சிம்ஃபெரோபோல் நகர யூதர்களைக் கிறிஸ்துமசுக்கு முன்பே கொன்று முடிக்கும்படி ராணுவத் தரப்பு கேட்டுக்கொண்டது. அதற்கு லாரிகளும் எரிபொருளும் ஆட்களும் கொடுத்தது. ஹைட்ரிக்கின் சிறப்புப் பிரிவுகளான நான்கு கொலைப்பிரிவுகளிலும் சேர்த்து ஆட்கள் ஏறத்தாழ 3,000 பேர்தான். பால்டிக் கடலிலிருந்து கருங்கடல் வரை அந்த எண்ணிக்கையால் எதையும் சாதித்திருக்க முடியாது. போலீஸ் பட்டாலியன்கள், உள்ளூர்த் துணைப்படைகள், ருமேனியப் படை, எல்லாவற்றுக்கும் மேலாக ஜெர்மன் ராணுவத்தின் சாலைகளும் லாரிகளும் சேர்ந்தே 1941 முடிவதற்குள் 5 லட்சத்துக்கும் மேற்பட்ட யூதர்களின் கொலையைச் சாத்தியமாக்கின. தொடக்க வாரங்களில் பெரும்பாலும் ஆண்களையே சுட்டார்கள். ஆகஸ்டு முதல் பெண்களையும் குழந்தைகளையும் சேர்த்தார்கள். போர் முன்னேற முன்னேறக் கொலையின் எல்லையும் விரிந்ததைத் தேதி வாரியாகக் காட்ட முடியும்.

இனி, போர்க் கைதிகள். சுற்றிவளைப்புப் போர்களைச் சொல்லும்போது நீங்கள் எண்களை விரும்பிச் சொல்கிறீர்கள்: மின்ஸ்க் வளையத்தில் 3 லட்சம், கீவ் வளையத்தில் 6 லட்சத்துக்கு மேல், வியாஸ்மாவிலும் பிரியான்ஸ்கிலும் மறுபடியும் 6 லட்சத்துக்கு மேல். அந்த இடத்தில் உங்கள் கதை அடுத்த நகரத்துக்குப் போய்விடுகிறது. அந்தக் கைதிகள் எங்கே போனார்கள்? 1941 ஜூலையில் மின்ஸ்க் முகாமைப் பார்த்த ஜெர்மன் அதிகாரி ஒருவர், பெர்லினின் ஒரு சதுக்கத்தின் அளவே உள்ள இடத்தில் ஒரு லட்சம் கைதிகளும் நாற்பதாயிரம் குடிமக்களும் அசையக்கூட இடமின்றி அடைக்கப்பட்டிருப்பதாக எழுதினார். அவ்வாண்டில் பிடிபட்ட ஏறத்தாழ 33 லட்சம் பேரில் 20 லட்சம் பேர் 1942 பிப்ரவரிக்குள் இறந்துவிட்டார்கள். போர் முழுவதிலும் பிடிபட்ட சுமார் 57 லட்சம் பேரில் இறந்தவர்கள் 30 லட்சத்துக்கும் மேல். பிரிட்டிஷ், அமெரிக்கக் கைதிகளில் ஜெர்மன் முகாம்களில் இறந்தோர் நூற்றுக்கு நான்கு பேரைத் தாண்டவில்லை. இவ்வளவு பேர் பிடிபடுவார்கள் என்று ராணுவம் எதிர்பார்க்கவில்லை என்ற சமாதானம் எடுபடாது, ஏனெனில் பெரும் படைகளைச் சுற்றிவளைத்துப் பிடிப்பதே அதன் திட்டம். 1941 நவம்பரில் ஓர்ஷா நகரில் நடந்த கூட்டத்தில், வேலை செய்யாத கைதிகள் பட்டினி கிடந்து சாக வேண்டியதுதான் என்று சொன்னவர் ராணுவத்தின் வழங்கல் தலைவர் எட்வர்ட் வாக்னர். ஹைட்ரிக்கோடு முன்பு பேச்சு நடத்தி ஏப்ரல் மாத ஏற்பாட்டை உருவாக்கியவரும் அவரே.

ஆஷ்விட்ஸுக்கே இதோடு நேரடித் தொடர்பு உண்டு. அங்கே நச்சுவாயுவால் முதன்முதலில் பெருந்தொகையாகக் கொல்லப்பட்டவர்கள், 1941 செப்டம்பரில், சுமார் 600 சோவியத் போர்க் கைதிகளும் அவர்களோடு சேர்க்கப்பட்ட நோயுற்ற போலந்துக் கைதிகளுமே. ஆஷ்விட்ஸின் பகுதியான பிர்க்கனாவ் முகாம் தொடங்கப்பட்டதும் சோவியத் கைதிகளை அடைப்பதற்காகவே. அதைக் கட்ட வைக்கப்பட்டவர்களும் அவர்களே. அவர்களில் பெரும்பாலோர் அந்தக் குளிர்காலத்தைத் தாண்டவில்லை. உங்கள் இரண்டு நூல்களும் சந்திக்க வேண்டிய இடம் இது.

லெனின்கிராட் முற்றுகையைப் பற்றி நீங்கள் வீரக் கதையாக எழுதியிருப்பதால் சுருக்கமாகச் சொல்கிறேன். அந்நகரை உலக வரைபடத்திலிருந்தே அழித்துவிட முடிவாகியிருக்கிறது, சரணடைய முன்வந்தாலும் ஏற்கக் கூடாது என்று 1941 செப்டம்பரில் படைகளுக்குத் தெரிவிக்கப்பட்டது. நவம்பர் இறுதியில் வேலை செய்யாதோருக்கும் குழந்தைகளுக்கும் நாளொன்றுக்கு 125 கிராம் ரொட்டி கிடைத்தது. அங்கே இறந்தவர்களின் எண்ணிக்கை 10 லட்சத்தை நெருங்கும். இதை முற்றுகை என்று மட்டும் எழுதினால் மே மாதத் தாளில் எழுதப்பட்டது நிறைவேறியது என்பது மறைந்துவிடும்.

இந்தப் பிரிவினை நம்முடைய கண்டுபிடிப்பு அன்று. நமக்கு இரண்டு வழிகளில் வந்து சேர்ந்தது. தோற்ற தளபதிகள் 1950களில் நினைவுக் குறிப்புகள் எழுதினார்கள். ஹால்டர் அமெரிக்க ராணுவத்தின் வரலாற்றுப் பிரிவுக்காகப் பல ஆண்டுகள் வேலை செய்து 1961இல் அந்நாட்டின் விருதும் பெற்றார். மான்ஸ்டைன் 1949இல் ஹாம்பர்கில் பிரிட்டிஷ் நீதிமன்றத்தால் 18 ஆண்டுச் சிறைத் தண்டனை பெற்று 1953இலேயே விடுதலையானார். சோவியத் ஒன்றியத்துக்கு எதிராக மேற்கு ஜெர்மன் ராணுவம் தேவைப்பட்ட காலம் அது. தோல்விக்கு ஹிட்லரும் பனியும் காரணம், கொலைக்கு ஹிம்லர் காரணம், ராணுவத்தின் கை சுத்தம் என்ற கதையை ஏற்க எல்லோரும் ஆயத்தமாக இருந்தார்கள். ஆங்கிலத்தில் பரவிய அக்கதையே நம் போர் நூல்களின் மூலச்சரக்கு.

மற்றொரு வழி மாஸ்கோவிலிருந்து வந்தது. தமிழிலேயே அச்சாகி நியூ செஞ்சுரி புக் ஹவுஸ் வழியாக மலிவு விலையில் நம் கைக்கு வந்த சோவியத் நூல்கள்தாம் ஒரு தலைமுறைத் தமிழருக்கு அந்தப் போரின் வலியைச் சொல்லின. அந்தக் கடனை நான் மறுக்கவில்லை. ஆனால் சோவியத் அரசின் அதிகாரபூர்வ நினைவில் கொல்லப்பட்ட யூதர்கள் 'அமைதியான சோவியத் குடிமக்கள்' ஆனார்கள். பாபின் யாரில் 1976இல் எழுப்பப்பட்ட நினைவுச் சின்னத்தில்கூட யூதர்கள் குறிப்பிடப்படவில்லை. பிடிபட்டுத் திரும்பிய கைதிகளையோ ஸ்டாலினின் ஆட்சி ஐயத்தோடு விசாரித்தது, பலரைத் தண்டித்தது, அவர்களுடைய பட்டினி வீரக் கதைக்குள் இடம்பெறவில்லை. இவ்வாறு ஒரு வழி கொன்றவர்களை மறைத்தது, மற்றொரு வழி கொல்லப்பட்டவர்களை மறைத்தது. இரண்டையும் படித்து வளர்ந்த நாம் போரைப் பற்றி நிறையத் தெரிந்துவைத்துக்கொண்டு அதன் நோக்கத்தைத் தவறவிட்டோம்.

ஸ்டாலின் மட்டும் என்ன யோக்கியமா என்று உங்கள் பின்னூட்டங்களில் சிலர் கேட்பார்கள். 1932-33இல் உக்ரைன் பட்டினியில் மடிந்ததும், பின்வாங்கும்போது சோவியத் ரகசியப் போலீசார் மேற்கு உக்ரைனின் லிவிவ் நகரச் சிறைகளில் கைதிகளைக் கொன்றதும் உண்மை. லிவிவில் அந்தச் சடலங்களைக் காட்டியே உள்ளூர்க் கும்பல்கள் யூதர்கள்மீது ஏவிவிடப்பட்டன என்பதும் உண்மை. அவற்றையும் எழுதுங்கள். மார்ச்சிலும் மேயிலும் பெர்லினில் எழுதப்பட்ட தாள்களுக்கு அவை விளக்கம் ஆகா.

என் வேண்டுகோள் எளிது. படைத்தொகுதிகளின் அம்புக்குறிகளை வரைபடத்தில் இடும்போது, வடக்கில் ஏ, நடுவில் பி, தெற்கில் சி, பதினோராம் படையோடு டி என அவற்றுடன் சென்ற கொலைப்பிரிவுகளையும் இடுங்கள். கைதிகளின் எண்ணிக்கையைச் சொல்லும் அதே பத்தியில் அவர்களில் எத்தனை பேர் அடுத்த வசந்தத்தைக் கண்டார்கள் என்பதையும் சொல்லுங்கள். தளபதிகளின் நினைவுக் குறிப்புகளைச் சான்றாக எடுக்கும்போது அவர்கள் பிறப்பித்த ஆணைகளை அருகே வைத்துப் படியுங்கள். பெலாரூஸில் எரிக்கப்பட்ட ஊர்களைக் கொரில்லாக்களுக்கு எதிரான நடவடிக்கை என்று எழுதுமுன், கொரில்லாப் போரால் நமக்கு ஒரு நன்மை, எதிர்ப்பவர்களை எல்லாம் ஒழித்துக்கட்ட அது வாய்ப்புத் தருகிறது என்று 1941 ஜூலை 16 அன்று ஹிட்லர் சொன்னதை நினைவில் கொள்ளுங்கள். 1943 மார்ச் 22 அன்று ஹாத்தின் என்ற சிற்றூரில் கொல்லப்பட்ட 149 பேரில் 75 பேர் குழந்தைகள். பதிப்பாளர்களிடம் தனியாக ஒன்று கேட்கிறேன்: பார்பரோசா, ஸ்டாலின்கிராட் பற்றி நீங்கள் ஏற்கெனவே வெளியிட்ட நூல்கள் மறுபதிப்புக்கு வரும்போது, மூல ஆசிரியரின் உரையை மாற்றாமல், மே 2ஆம் தேதிக் குறிப்பையும் ரைஷனவின் ஆணையையும் தமிழில் முழுமையாகத் தரும் ஒரு முன்னுரையைச் சேர்த்துவிடுங்கள். இரண்டும் சேர்ந்து சில பக்கங்களுக்கு மேல் வராது.

நன்றியுடன்,
உங்கள் வாசகர்களுள் ஒருவன்